நாலு விநாடிக்கு ஒரு கை

தேநீரைக் கொட்டியது குரோசுதான். பழியை வேறு யார் தலையிலாவது கட்டலாம் என்றால் அறையில் வேறு யாரும் இல்லை.

குரோசு இருபத்திரண்டு வருடமாக மினாசே இரோஹாவுக்கு மேலாளர். அந்த இருபத்திரண்டு வருடத்தில் இரண்டு காரைச் சுவரில் மோதியிருக்கிறான். ஒரு தயாரிப்பாளரின் மனைவியை அவருடைய அம்மா என்று நினைத்து ஆரோக்கியம் விசாரித்திருக்கிறான். விருது வாங்கிய அன்று விருதையே டாக்ஸியில் விட்டுவிட்டு வந்திருக்கிறான். எனவே ஃபிளாஸ்க்கின் மூடியைச் சரியாகத் திருகாமல் சாய்த்தது அவனுடைய சாதனைப் பட்டியலில் மேலே வரக்கூடியதல்ல. கொதிக்கக் கொதிக்க இருந்த டீ பாதி கோப்பையிலும் பாதி இரோஹாவின் வலது கை மேலும் விழுந்தது.

இரோஹா அசையவில்லை. ஒப்பனைக் கண்ணாடியில் தன் புருவத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவள் அப்படியே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஆனால் யாரோ ‘ஸ்ஸ்ஸ்’ என்று பல்லிடுக்கில் காற்றை உள்ளே இழுத்தார்கள்.

குரோசு முதலில் தானேதான் அப்படிச் செய்தோம் என்று நினைத்தான். பிறகு யோசித்துப் பார்த்தால், அந்த நேரத்தில் அவன் வாயைப் பிளந்து “ஐயோ” என்று கத்திக்கொண்டிருந்தான். ஒரே வாயால் இரண்டையும் செய்ய முடியாது. சத்தம் வந்தது அவளுடைய நாற்காலிக்கு வலப்பக்கம், கொஞ்சம் தாழ்வாக. ஒரு ஆள் மண்டியிட்டிருந்தால் வாய் இருக்கும் உயரத்தில்.

“சுட்டுடுச்சா?” என்றான்.

“எனக்கு இல்லண்ணே” என்றாள் இரோஹா.

ஜன்னலுக்கு வெளியே மழைக்காலத்து டோக்கியோ காலையிலிருந்து ஒரே சீராக நனைந்துகொண்டிருந்தது. பகல் இரண்டு மணிக்கே தெருவிளக்கு எரிந்தது. ஓட்டலின் நாலாவது மாடியில் அந்தக் காத்திருப்பு அறை. கீழே மூன்றாவது மாடி விருந்துக்கூடத்தில் ஐந்நூறு பேர் வரிசையில் நிற்கும் முணுமுணுப்பு தரைக்கம்பளத்தைத் தாண்டிக் காலில் லேசாக அதிர்ந்தது. மேஜையில் யாரும் தொடாத சாப்பாட்டுப் பெட்டிகள் இரண்டு. குரோசு துண்டை எடுத்து வந்து நின்றான். வலது கையில் அவள் போட்டிருந்த சாம்பல் நிறக் கையுறை முழுக்க நனைந்து, ஆவி விட்டுக்கொண்டிருந்தது.

“இன்னொண்ணு கொண்டு வந்தீங்களா?”

“ஆபீஸ்ல இருக்கும்மா.”

“ஆபீஸ்ல நல்லா பத்திரமா இருக்கும்ல” என்றாள் அவள். “வெளிய கொண்டு வந்தா நனைஞ்சிடும்.”

குரோசு குனிந்து வணங்கினான். மன்னிப்புக் கேட்பதில் அவனுக்கு நல்ல பயிற்சி உண்டு; இடுப்பு தானாகவே வளையும்.

அந்தக் கையுறைக்கு ஒரு வரலாறு இருக்கிறது. ககாவாவில் ஒரு கையுறைத் தொழிற்சாலை வருடத்துக்கு ஒரு ஜோடி அவளுக்கென்று அளவெடுத்துத் தைத்து அனுப்பும். வலதை அவள் போட்டுக்கொள்வாள். இடதை அவள் தொட்டதில்லை. எறிய மனமில்லாமல் குரோசு தன் மேஜை இழுப்பறையில் போட்டுவைத்தான். இன்றைய கணக்குக்கு இருபத்திரண்டு இடது கையுறைகள். இழுப்பறையைத் திறந்தால் யாரோ கும்பலாகக் கையெடுத்துத் தடுப்பதுபோல் இருக்கும். தோல் ஒவ்வாமை என்று பத்திரிகைகளுக்குச் சொல்லியாயிற்று. குரோசுவுக்கும் அதையேதான் சொன்னார்கள். அவனும் நம்பினான். நம்புவதற்குத்தான் அவனுக்குச் சம்பளம்.

அவள் இடது கையால் சாப்பிடக் கற்றுக்கொண்டாள். தூங்கும்போது வலது கையைப் போர்வைக்கு வெளியே நீட்டி வைத்தாள். ரயிலில் போனால் தன் வலப்பக்க இருக்கைக்கும் டிக்கெட் எடுக்கச் சொன்னாள். லிஃப்ட்டில் ஏறியதும் ஒரு நொடி பொறுத்துத்தான் கதவை மூடும் பொத்தானை அழுத்தினாள், இன்னொருவர் உள்ளே வந்தாக வேண்டும் என்பதுபோல. நட்சத்திரங்களுக்கு நூறு கிறுக்கு இருக்கும், இது நாலு, நாம் தப்பித்தோம் என்று குரோசு நினைத்துக்கொண்டான்.

அவள் சகதா துறைமுகத்திலிருந்து பதினைந்து வயதில் வந்தவள். பெரிய முதலாளி ஒகிதா அவளுக்குப் பெயர் வைத்தார், பல் வரிசையை மாற்றினார், நாற்பது பதில்கள் கொண்ட ஒரு சின்னப் புத்தகத்தைக் கொடுத்து மனப்பாடம் செய்யச் சொன்னார். யார் என்ன கேட்டாலும் அந்த நாற்பதுக்குள்தான் பதில் வர வேண்டும். காதலன் உண்டா? பதினொன்றாவது பதில். ஊர் ஞாபகம் வருமா? இருபதாவது. எதற்கும் பொருந்தும் பதில் ஏழாவது: ‘எல்லாம் ரசிகர்களோட அன்புதான்.’ அவள் அப்படிப் பதில் சொல்லியே வளர்ந்தாள். மழையா வெயிலா என்று குரோசு கேட்டால்கூட நேரான பதில் வராது.

மூன்று பாட்டு ஓடியது. நாலாவது ஓடவில்லை. ஓடாததற்குக் காரணம், இரண்டு கையையும் தட்டி ஆடும் ஆட்டத்தை அவளால் அதற்குமேல் ஆட முடியவில்லை. ‘கையைத் தட்டாத பாடகியை என்ன செய்வது’ என்று அலுத்துக்கொண்ட பெரிய முதலாளி அவளைத் தொலைக்காட்சித் துப்பறியும் நாடகங்களுக்குப் பிணமாக வாடகைக்கு விட்டார். பதினொரு தடவை பிணமாக நடித்தாள். பன்னிரண்டாவதில் ஒரு இயக்குநர், பிணத்தின் வலது கை எதையோ பிடித்தபடியே இருப்பதைப் பார்த்து மிரண்டுபோய் அவளுக்கு வசனம் கொடுத்தார். அப்புறம் ஏறுமுகம். ஒரு விமர்சகர் அவளுடைய வலது கையைப் பற்றி மட்டும் இரண்டு பக்கம் எழுதினார். அந்தக் கை சொல்லாமல் வைத்திருப்பது என்ன என்று கேட்டு முடித்திருந்தார்.

குரோசுவுக்கும் தெரியாது. கேட்டதுண்டு. ஏழாவது பதில் வந்தது.

கதவு தட்டாமல் திறந்தது.

“காலை வணக்கம்!” என்றான் சின்ன முதலாளி ஒகிதா. மணி இரண்டே கால். சினிமாக்காரர்களுக்கு எந்த நேரமும் காலைதான். முப்பத்துநாலு வயது, வெள்ளைக் காலணி, அப்பா செத்ததும் நாற்காலியோடு சேர்த்து அப்பாவின் சிரிப்பையும் எடுத்துக்கொண்டவன். “எல்லாம் தயார்தானே? கையுறை வேணாம். போஸ்டரைப் பாத்தீங்கல்ல? ‘இரோஹாவின் வெறுங்கை, இருபத்திரண்டு வருடத்துக்குப் பிறகு.’ அதுக்காகத்தான் ஐந்நூறு பேரு நிக்கிறான்.”

“முதலாளி, அவங்க கைக்கு உடம்பு சரியில்ல” என்றான் குரோசு. சொன்ன பிறகுதான் அது எப்படி இருக்கிறது என்று அவனுக்கே கேட்டது.

“கைக்கு உடம்பு சரியில்லையா? காலு சௌக்கியமா இருக்கா? காது?” ஒகிதா சிரித்தான். “இவங்களுக்கு நாப்பது வயசு ஆச்சு குரோசு. நாப்பது வயசுல ஒரு கையைத் தொட ஐந்நூறு பேரு மழையில வந்து நிக்கிறதே அதிசயம். அதை அனுபவிக்க விடுங்க. என்ன இரோஹா?”

“எல்லாம் ரசிகர்களோட அன்புதான்” என்றாள் இரோஹா கண்ணாடியிடம்.

“பாத்தீங்களா? இதான் எங்கப்பா கொடுத்த பயிற்சி.” ஒகிதா பையிலிருந்து எதையோ எடுத்து மேஜையில் வைத்தான். “முதல்ல நான் கை கொடுக்கறேன், கேமரா முன்னாடி. அப்பா காலத்து வழக்கம். அப்புறம் வரிசை. தலைக்கு நாலு விநாடி. உரிக்கிற வேலையை நீங்களே பாருங்க. பழைய கை.”

மேஜையில் இருந்தது ஒரு நிறுத்துக்கடிகாரம். கண்ணாடியில் குறுக்கே ஒரு விரிசல். குரோசுவுக்கு அந்த விரிசலைத் தெரியும். விழுந்தபோது அவன் கையிலிருந்துதான் விழுந்தது.

கதவு மூடியது. குரோசுவின் காது சூடாகியிருந்தது. அவன் கோபப்பட்டால் முகம் சிவக்காது, காது மட்டும் சிவக்கும். இதனால் அவனுடைய கோபத்தை யாரும் பெரிதாக எடுத்துக்கொண்டதில்லை. பூஜாடியைத் தூக்கி எறியலாமா என்று பார்த்தான். ஓட்டலுடையது. சாப்பாட்டுப் பெட்டியைப் பார்த்தான். அதில் நல்ல விலாங்கு மீன் இருந்தது. கடைசியில் தன் தொடையிலேயே ஒரு குத்து விட்டான்.

“நாயிப்பய” என்றான். “அப்பன் ஒரு நாயி. இவன் ஒரு குட்டி.”

“அவருகிட்ட சொல்லியிருக்கலாமேண்ணே.”

“சொல்லத்தான் வாயெடுத்தேன்.”

“இருபத்திரண்டு வருஷமா எடுத்துக்கிட்டே இருக்கீங்க” என்றாள் இரோஹா.

ஒட்டிக்கொண்டதை உரிக்கிறவன், ‘உரிப்பவன்’. குரோசுவின் முதல் வேலை அது. பாட்டுத்தட்டு வாங்கினால் உள்ளே ஒரு சீட்டு இருக்கும். ஒரு சீட்டுக்கு நாலு விநாடி கை குலுக்கலாம். ஐந்தாவது விநாடியில் ரசிகனின் பின்னால் நிற்கும் உரிப்பவன் அவன் தோளைத் தொட்டு, “நேரம் ஆயிடுச்சுங்க” என்று சொல்லி, ஆரஞ்சுத் தோலை உரிப்பதுபோல நாசூக்காகக் கழற்றி விட வேண்டும். குரோசு மணிக்கு எழுநூறு பேரைக் கழற்றுவான். அதில் அவனுக்குப் பெருமைகூட இருந்தது. அழுகிறவனை எப்படித் தொடுவது, குடித்தவனை எப்படித் தொடுவது எல்லாம் அவன் உள்ளங்கைக்குத் தெரியும்.

ஒருத்தனைத் தவிர.

இசாமு என்று பெயர். சோஷியில் டப்பா மீன் தொழிற்சாலையில் வேலை. பத்தொன்பது வயது. ஒரு பல்பொருள் அங்காடியின் மொட்டைமாடி, ஆகஸ்ட் வெயில், காலை ஒன்பதிலிருந்து கை குலுக்கிக்கொண்டிருந்தாள் பதினெட்டு வயது இரோஹா. இசாமு வந்தான். நாலு விநாடி. ஐந்து. பத்து. கைகள் பிரியவில்லை. குரோசு தோளைத் தொட்டான், பிடித்தான், இழுத்தான். “விட்டுட்டேன், நான் விட்டுட்டேன்!” என்று கத்தினான் அந்தப் பையன். எல்லோரும் அப்படித்தான் பொய் சொல்வார்கள். குரோசு உடம்பின் மொத்த எடையையும் போட்டு ஒரு இழு இழுத்தான். பையன் மேடைக்குப் பின்னால் போய் விழுந்தான். அங்கே தடுப்புக்கம்பியின் இரும்பு அடித்தட்டு இருந்தது. மூன்று நாள் கழித்து இறந்துபோனான்.

‘வெறிபிடித்த ரசிகர் பாடகியின் கையைப் பிடித்துக்கொண்டு விட மறுத்தார்’ என்று நிறுவனம் அறிக்கை விட்டது. நேரில் பார்த்த சாட்சி குரோசு. கையெழுத்துப் போட்டான். மறுவாரம் மேலாளர் ஆனான்.

பையனின் அம்மா ஒரே ஒரு கடிதம் போட்டாள். ‘கையில் மீன் வாடை போகாது என்று வெட்கப்பட்டு என் மகன் யாருக்கும் கை கொடுக்க மாட்டான். அன்று எலுமிச்சை சோப்புப் போட்டு அரைமணி நேரம் தேய்த்துக்கொண்டு கிளம்பினான். அவனா பிடித்துக்கொண்டு விடமாட்டேன் என்றான்? தயவுசெய்து விசாரித்துச் சொல்லுங்கள்.’ அந்தக் கடிதம் குரோசுவின் இழுப்பறையில், இருபத்திரண்டு கையுறைகளுக்கு அடியில் இருக்கிறது.

“கழட்டுங்கண்ணே” என்று இரோஹா வலது கையை நீட்டினாள். “ஈரமா இருக்கு. அவருதான் வெறுங்கை வேணும்னு சொல்லிட்டாரே.”

குரோசு மண்டியிட்டுக் கையுறையின் ஓரத்தைப் பிடித்து மெல்லச் சுருட்டினான். உள்ளங்கைப் பக்கம் ஒரு நீளமான தையல் பிளவு இருந்ததை இப்போதுதான் கவனித்தான். அது கிழிசல் அல்ல. வேண்டுமென்றே திறந்து விட்டுத் தைத்தது. விரல்கள் எதையோ சுற்றிப் பிடிக்க இடம் வேண்டும் என்பதுபோல. கையுறை கழன்றது.

கை வெளிறியிருந்தது. மண்ணுக்கடியில் நெடுநாள் கிடந்த முள்ளங்கி மாதிரி. நாலு விரலும் வளைந்து ஒரு வெற்றிடத்தைச் சுற்றியிருந்தன, கட்டைவிரல் மேலிருந்து அமுக்கியது. அதுவரை ஒன்றுமில்லை. ஆனால் விரல் நுனிகள் சப்பையாக இருந்தன. கண்ணாடியில் முகத்தை அழுத்தினால் மூக்கு சப்பையாகுமே, அப்படி. ஒன்றுமில்லாததன் மேல் அழுந்திச் சப்பையாகியிருந்தன.

அவளுடைய தோலில் டீ படவில்லை. ஒரு பொட்டுக்கூட.

டீ வேறெங்கோ இருந்தது.

அவள் விரல்களைத் தாண்டி, காற்றில், ஒரு சாண் தூரத்துக்குப் பழுப்புத் துளிகள் நின்றன. நின்றன என்றால், தொங்கவில்லை. எதன் மேலோ உட்கார்ந்திருந்தன. ஒரு துளி நகர்ந்தது. புறங்கை ஒன்று இருந்தால் எந்த வளைவில் ஓடுமோ அந்த வளைவில் ஓடி, மணிக்கட்டின் எலும்பு இருக்குமிடத்தில் தயங்கி, சுற்றிக்கொண்டு, கீழே சொட்டியது. கம்பளத்தில் பொட்டென்று விழுந்தது.

குரோசு துண்டை நீட்டினான். ஏன் நீட்டினான் என்று அவனைக் கேட்டால் தெரியாது. டீயைக் கொட்டியவன் துடைக்க வேண்டும், அவ்வளவுதான் அந்த நேரத்தில் மூளையில் இருந்தது. துண்டு காற்றில் பாதியில் முட்டியது. துண்டுக்கு அடியில் ஏதோ ஒன்று வலியில் சுருங்கியது.

மீன் வாடை. வேகவைத்த அயலை. அதன்மேல் எலுமிச்சை.

அவன் பின்னால் விழுந்தான். முதுகு சுவரில் முட்டியது.

“அன்னிக்கு எனக்கு எவ்ளோ ஜுரம்னு ஞாபகம் இருக்காண்ணே?” இரோஹாவின் குரல் உயரவேயில்லை. மேடையில் அவள் கத்தி அழுத காட்சியெல்லாம் குரோசு பார்த்திருக்கிறான். அதில் எதிலும் இவ்வளவு கோபம் இருந்ததில்லை.

“முப்பத்தொம்போது புள்ளி ரெண்டு.”

“தாள்ல என்ன எழுதினீங்க?”

“முப்பத்தாறு... முப்பத்தாறு புள்ளி எட்டு.”

“உங்க சட்டையைப் புடிச்சு ‘போதும்ண்ணே, முடியலண்ணே’ன்னு சொன்னேன். என்ன சொன்னீங்க?”

“இன்னும் நானூறு பேருதான்னு...”

“ஜோக்கு ஒண்ணும் சொன்னீங்க. அது ஞாபகம் இருக்கா?”

இருந்தது. ‘நானூறு பேரோட கையைப் புடிச்சா ஜுரம் நானூறு பங்கா பிரிஞ்சு போயிடும்.’ அவன் நல்லவன் என்று எல்லோரும் சொல்வார்கள். சிரிக்க வைப்பான். அன்றும் சிரிக்க வைக்கப் பார்த்தான். இப்போது அந்தச் சிரிப்பை நினைத்தபோது தன் வாயையே அறைய வேண்டும் போலிருந்தது. அறைந்தான். உண்மையிலேயே. ஓசை அறையில் சப்பென்று கேட்டது.

“அதெல்லாம் அப்புறம்” என்றாள். “மணி ஆச்சு. இவ்ளோ பெரிய கையை வெச்சுக்கிட்டு ஐந்நூறு பேருக்கு எப்படிக் கை கொடுக்கறது? பிரிச்சு விடுங்க. உங்க வேலைதானே அது.”

குரோசு எழுந்தான். சுவரைப் பிடித்துக்கொண்டு, மேஜையைப் பிடித்துக்கொண்டு. அவள் கைக்கு எதிரே, அந்த ஆள் இருக்க வேண்டிய இடத்துக்குப் பின்னால் போய் நின்றான். கால்களே அவனைக் கொண்டுபோய் நிறுத்தின. கையை இறக்கினான்.

தோள் இருந்தது.

ஒல்லியான தோள். ஈரமான பருத்திச் சட்டை. அடியில் எலும்பு. மண்டியிட்டிருந்தது. நடுங்கியது.

“நே... நேரம் ஆயிடுச்சுங்க” என்றான் குரோசு.

தோள் உடனே பின்னால் வந்தது. அவன் இழுக்கவே இல்லை. அதுவாகவே வந்தது. அவன் கைக்குள், அவன் நெஞ்சோடு, வெளியே போகத் துடிக்கும் பூனைபோல முண்டியது. முகம் இருக்கவேண்டிய இடத்திலிருந்து மூச்சு வந்தது. மூச்சில் வார்த்தை வந்தது. தேய்ந்துபோன வார்த்தை. பல்லாயிரம் தடவை சொல்லித் தேய்ந்தது.

“விட்டுட்டேன்... நான் விட்டுட்டேன்...”

குரோசு தலையைத் தூக்கி இரோஹாவின் கையைப் பார்த்தான். விரல் மூட்டுகள் வெள்ளை வெளேரென்று இருந்தன. மணிக்கட்டில் நரம்பு புடைத்திருந்தது. தோள் பட்டை மேலேறியிருந்தது. கயிறு இழுக்கும் போட்டியில் கயிற்றை விடாதவளின் தோள்.

அன்றும் இதைப் பார்த்தான். இதேதான். யார் விரல் யார் விரலுக்கு மேல் இருந்தது என்று அவன் கண் பார்த்தது. கையெழுத்துப் போட்டபோதும் கண்ணுக்குள் அது இருந்தது. கடிதம் வந்தபோதும். இருபத்திரண்டு வருடமும்.

“யாரும்மா விடல?” என்றான். “அவனா? நீயா? சொல்லு. யாரு விடல?”

இரோஹா சிரித்தாள். பெரிய முதலாளி மாற்றி வைத்த பல் வரிசை முழுக்கத் தெரிந்தது.

“எல்லாம் ரசிகர்களோட அன்புதான்” என்றாள்.

கதவை யாரோ தட்டினார்கள். “காலை வணக்கம்! மேடைக்கு வாங்க!”

கூடம் முழுக்க ஈரக்குடை வாசனை. நாற்காலிகள் இல்லை, கயிறு கட்டிய வளைவுப் பாதையில் ஐந்நூறு பேர். பாதிப் பேருக்கு நரை. அவளுடைய பழைய படம் போட்ட சட்டையைத் தொப்பை மேல் இழுத்து மாட்டியவர்கள். அவளைப் பார்த்ததும் சத்தம் போடவில்லை, பெருமூச்சு விட்டார்கள். இவர்கள் ஒன்றும் செய்யவில்லை. நிறுவனம் அவளை நாலு நாலு விநாடியாக நறுக்கி விற்றது, இவர்கள் வாங்கினார்கள், அவ்வளவுதான்.

மேடைக்குப் பின்னால் திரை. திரைக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று குரோசு போய்ப் பார்த்தான். தடுப்புக்கம்பிகளை அடுக்கி வைத்திருந்தார்கள். இரும்பு அடித்தட்டுகள் மேலே பார்த்தபடி கிடந்தன. திரும்பி வந்து தன் இடத்தில் நின்றான்.

இரோஹா வலது கையை முதுகுக்குப் பின்னால் வைத்திருந்தாள். அவள் நடந்தபோது கம்பளம் அவளுக்கு ஒரு எட்டு பின்னால் இரண்டு இடத்தில் அமுங்கி அமுங்கி வந்தது. முழங்காலால் நடப்பவன் மாதிரி.

“நண்பர்களே!” என்றான் ஒகிதா ஒலிபெருக்கியில். “எங்கப்பா எப்பவும் சொல்வாரு, ரசிகனுக்கும் நட்சத்திரத்துக்கும் நடுவுல ஒரு கை தூரம்தான்னு. அந்தத் தூரத்தை இன்னிக்கு நான் முதல்ல கடக்கறேன்!”

கைத்தட்டல். கேமராக்கள் நெருங்கின. ஒகிதா வலது கையை நீட்டினான். இடது கையால் படத்துக்கு இரண்டு விரலைத் தூக்கிக் காட்டினான்.

இரோஹா முதுகுக்குப் பின்னாலிருந்து கையைக் கொண்டுவந்தாள். விரல்கள் விரிந்தன. இருபத்திரண்டு வருடத்தில் முதல் தடவையாக விரிந்தன. மூட்டு ஒவ்வொன்றும் சொடக்குப் போட்டது. ஒரே ஒரு நொடி.

பிறகு மூடின.

குரோசு கடிகாரத்தை அழுத்தினான்.

ஒன்று. இரண்டு.

அவன் தோளை ஏதோ உரசிக்கொண்டு போனது. அவசரமாக. ஈரச் சட்டை. எலுமிச்சை. மேடையின் படிகளில் இறங்கி, வரிசையின் ஓரமாக ஓடியது. கயிறு ஒன்று ஆடி நின்றது. கடைக்கோடியில் வெளிப்படிக்கட்டின் கதவு தானாகத் திறந்து, வெளிமழையின் சத்தம் ஒரு விநாடி உள்ளே வந்து, மூடிக்கொண்டது. குரோசுவின் கண்ணில் நீர் வந்தது. போயிட்டான். போடா தம்பி. சோஷிக்குப் போ. அம்மாகிட்ட போ.

மூன்று. நான்கு.

“போதும்” என்றான் ஒகிதா உதட்டை அசைக்காமல், சிரித்தபடி.

ஏழு. எட்டு.

“இரோஹா. படம் எடுத்தாச்சு. போதும்.”

“இன்னும் ஒண்ணு சார், இப்படித் திரும்புங்க!” என்றான் ஒரு புகைப்படக்காரன்.

பதினைந்து. ஒகிதாவின் விரல் நகங்கள் வெளுத்தன. பிறகு நீலம். நெற்றியில் வேர்வை முளைத்தது. சிரிப்பு மட்டும் அப்படியே இருந்தது. அப்பாவிடமிருந்து வந்த சிரிப்பு, கழற்றத் தெரியவில்லை.

இருபத்துமூன்று. முழங்கால் மடங்கத் தொடங்கியது.

“விட்டுட்டேன்” என்றான் ஒகிதா. மிக மெல்ல. “நான் விட்டுட்டேன். பாரு. நான் விட்டுட்டேன்.”

கூட்டம் சிரித்தது. கைதட்டியது. முதலாளி மண்டியிட்டுக் கை குலுக்குகிறார் என்று நினைத்தது.

குரோசுவின் கை ஒகிதாவின் தோளுக்கு வந்திருந்தது. எப்போது வந்தது என்று தெரியவில்லை. நல்ல துணிக் கோட்டு. அடியில் அதே எலும்பு. அதே நடுக்கம். இழுக்கலாம். உடம்பின் எடை முழுவதையும் போட்டு. பின்னால் திரை. திரைக்குப் பின்னால் இரும்பு. அந்த நாயிப்பயலின் மேல் இருந்த கோபம் எல்லாம் உள்ளங்கைக்கு வந்து நின்று, இழு இழு என்றது.

ஐம்பது. ஐம்பத்தொன்று.

கையை எடுத்துவிட்டான்.

ஒகிதா அண்ணாந்து அவனைப் பார்த்தான். கண்கள் மட்டும். வாயில் சிரிப்பு.

குரோசு நகர்ந்து இரோஹாவின் காதருகே குனிந்தான். கடிகாரம் அவன் கையில் ஓடிக்கொண்டிருந்தது. விரிசலுக்கு அடியில் முள் சுற்றிச் சுற்றி வந்தது. தன் வலது உள்ளங்கை வேர்த்திருப்பதை உணர்ந்தான். கால்சட்டையில் துடைத்தான். மறுபடி வேர்த்தது. எழுநூறு பேரை மணிக்குக் கழற்றிய கை.

“இரோஹாம்மா” என்றான். “நான் என்ன செய்யட்டும்?”

ஏழாவது பதில் வரும் என்று காத்திருந்தான். வந்தால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தான்.

அவள் திரும்பினாள். முகத்தில் சிரிப்பில்லை. சகதா துறைமுகத்திலிருந்து ரயிலேறி வந்த பதினைந்து வயதுப் பெண்ணின் முகம், அவன் ஒருதடவைகூடக் கேட்டறியாத ஒரு குரல்.

“வரிசைல நில்லுங்கண்ணே.”